பப்பாளிப் பாலில் கரைந்த ஊர்வலம்

9 மே 1943, காஜா பேராங்

மலாக்கா முழுக்கச் சுற்றியும் கேமராவுக்குப் போட ஃபிலிம் இல்லை. போகட்டும். பழைய செய்திப்படச் சுருளைப் பப்பாளிப் பாலில் ஊறப்போட்டால் மேலே இருக்கும் படம் வழவழவென்று கரைந்து, வெறும் கண்ணாடி மாதிரி ஆகிவிடுகிறது! அதன்மேல் மையும் ஊசியும் வைத்து நானே கட்டம் கட்டமாக வரையப்போகிறேன். மரவள்ளி நடுவதற்காக ஜப்பான்காரர்கள் வெட்டிச் சாய்த்தார்களே, புக்கிட் ரம்பாய் தோட்டத்து ரப்பர் மரங்கள் — அவற்றை, என் ஞாபகத்தில் நிற்கிறபடி. ஆட்டுக்கறி வேகப் போடுவதை ஃபிலிமுக்குப் போடுகிறாயே என்று என் கூட்டாளி தியாகு சிரித்தான். கல்யாணத்தில் எங்களைப் படம் பிடித்தவன் என்ற மிதப்பு அவனுக்கு.

14 மே

ஐயோ. ஐயோ.

செய்திப்பட டப்பாவுக்குள் இருந்தது எங்கள் கல்யாண ஊர்வலம். ஜப்பான்காரர்கள் வீடு வீடாக ஃபிலிம் தேடுகிறார்கள் என்ற பேச்சைக் கேட்டு என் மனைவி சிவகாமசுந்தரிதான் அதில் ஒளித்து வைத்திருக்கிறாள். என்னிடம் சொல்லவில்லை. நானும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்க்கவில்லை. என்ன மனுஷன் நான்! ஊர்வலத்துக்கு முன்னால் நடந்தவர் அவள் அப்பா. போன வருஷம் தவறிப்போனார். அவர் நடப்பதைப் பார்க்க இருந்தது அந்த ஒரு சுருள்தான்.

திட்டுவாள் என்று நின்றேன். சுருள் ஊறிய பப்பாளிப் பால் வாளியை எட்டிப் பார்த்தாள்.

"எங்கப்பா நடையக் கரைச்சிட்டீங்களே."

அவ்வளவுதான்.

15 மே

கஞ்சி வைத்தாள். பேசவில்லை.

18 மே

ரப்பர் மரமாவது மண்ணாவது. மாமா நடந்த எங்கள் தெருவை வரைகிறேன். தென்னைகள், கோயில் வாசல், முன்னால் மாமா. ஒவ்வொரு கட்டமும் சுண்டுவிரல் நகம் அளவு. கண் பூத்துப்போகிறது.

21 மே

ஜன்னலை மூடி, கார்பைட் விளக்கை ஏற்றி, படம் காட்டும் பெட்டியைக் கையால் சுற்றிச் சுவரில் ஓட்டிப் பார்த்தேன். அடுப்படி வாசலில் வந்து நின்றாள்.

"இது யாரு, விறுவிறுன்னு போற தபால்காரரா?"

பேசிவிட்டாள்! போன உயிர் வந்தது எனக்கு. மாமா நாலடிக்கு ஒருதரம் நின்று, பின்னால் எல்லாரும் வருகிறார்களா என்று திரும்பிப் பார்ப்பாராம். ஊர்வலத்திலும் அப்படியேதானாம். மாப்பிள்ளைக் கோலத்தில் வியர்த்துக்கொண்டு வந்தவன், நான் எதைக் கண்டேன்? ஊசியைக் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டாள்.

27 மே

கோயிலை ஒட்டி மாமரம் இருந்தது என்கிறாள். இல்லவே இல்லை என்கிறேன். காலை முழுக்கச் சண்டை. என்ன சுகமான சண்டை! மாமரம் வரைந்தாயிற்று.

6 ஜூன்

இன்று முழுசாக ஓட்டினோம். தியாகுவும் வந்து உட்கார்ந்தான். மாமா நடக்கிறார், நிற்கிறார், திரும்புகிறார். முகம் கிடையாது, வெறும் மைப்பொட்டு. ஆனாலும் மாமாவேதான். கேலி பேச வந்த தியாகு மூக்கை உறிஞ்சினான்.

கடைசித் துண்டை அவள் எனக்குக் காட்டாமலே வரைந்திருந்தாள். அதில் மாமா தெருமுனை தாண்டி நேரே போகிறார். திரும்பவேயில்லை. வரைய மறந்துவிட்டாயா என்று கேட்டேன்.

"மறக்கலீங்க. எல்லாரும்தான் வந்து சேர்ந்தாச்சே. இனி அவரு எதுக்குத் திரும்பிப் பாக்கணும்?"

பெட்டியைச் சுற்றிய என் கை நின்றுவிட்டது.

"சுத்துங்க," என்றாள்.