ஐந்தாம் ரீல் முடியும் இடம்

பிரியமுள்ள அண்ணனுக்கு,

அன்று நான் சொல்லாமல் விட்டது இதுதான்: "அவ சாப்பிட எந்திச்சுப் போற இடத்துல இடைவேளை விடலாம், அண்ணே."

தேனாம்பேட்டை பிரிவியூ தியேட்டரில் விநியோகஸ்தருக்கு உங்கள் படத்தைப் போட்டுக் காட்டிய மதியம். தி. நகரில் நம் வீட்டு ஜவுளிக்கடையை விட்டு வந்து, யார் யார் படத்துக்கோ பெயர் வராமல் ஆறு வருடம் வசனம் எழுதி, கடைசியில் நீங்களே எழுதித் தயாரித்த படம். ஒரு டெலிபோன் ஆபரேட்டரின் ஒரு நாள். பாட்டு இல்லை, சண்டை இல்லை, இடைவேளையும் இல்லை.

விளக்கு எரிந்ததும் விநியோகஸ்தர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"படம் நல்லாத்தான் கீது சார். இடைவேளை எங்க? கேன்டீன்காரன் முறுக்கை எப்ப விப்பான்?"

"ஒரே மூச்சுல பாக்கணும்."

"இன்னா சார், வெளிய போனவன் திரும்பி வரமாட்டான்னு பயமா?"

உங்கள் முகம் சிவந்துவிட்டது. என் பக்கம் திரும்பினீர்கள். "நீ சொல்லுட்டி, அத்தனை புஸ்தகம் படிக்கியே. இதை எங்கயாவது வெட்ட முடியுமா?"

வெட்டவே வேண்டாம், அந்த ஆபரேட்டர் சாப்பிட எழுந்து போகும் இடத்திலேயேதான் ஐந்தாம் ரீல் முடிகிறது. ஆனால் அந்த மனிதர் எதிரில் நானும் அவர் கட்சி என்று நினைத்துவிடுவீர்களோ? முடியாது என்று தலையை மட்டும் ஆட்டினேன். "பாத்தீரா?" என்றீர்கள் அவரிடம், அவ்வளவு பெருமையாக.

அதற்குப் பிறகு இரண்டு வருடம் படம் லேபிலேயே கிடந்தது. நீங்கள் அடுத்த கதையில் இருந்தீர்கள். மஞ்சள் காமாலை உங்களுக்குப் பத்து நாள்தான் தந்தது. அன்றே சொல்லியிருந்தால் கோபித்திருப்பீர்களா, சிரித்திருப்பீர்களா?

அண்ணியிடம் கேட்டுக்கொண்டு, போன மாதம் அந்த விநியோகஸ்தரைப் போய்ப் பார்த்தேன். இடைவேளை விட வேண்டிய இடத்தைச் சொன்னேன். "இத்த அன்னிக்கே சொல்லக்கூடாதாம்மா?" என்றார். மயிலாப்பூர்ப் பக்கம் ஒரு தியேட்டரில் ஒரு வாரம், காலைக் காட்சி மட்டும் போடச் சம்மதித்தார். "அதுக்கு மேல கேக்காத."

உங்கள் அடுத்த கதை நாற்பதாம் பக்கத்தில் நிற்கிறது. நோட்டு என்னிடம் இருக்கிறது. அதை முடிப்பேன், படமாகவும் எடுப்பேன். இனி, தோன்றுவதைத் தோன்றிய அன்றே சொல்லிவிடுவேன், எதிரில் யார் இருந்தாலும்.

நேற்று முதல் காட்சி. ஐந்தாம் ரீல் முடிந்து விளக்கு எரிந்தது. எல்லாரும் எழுந்து வெளியே போனார்கள். நான் எழவில்லை. மணி அடித்தது. எல்லாரும் திரும்பி வந்தார்கள்.

உங்கள் தங்கை,
வடிவு