துடக்கு கழியும்வரை உடைக்காத கடிதம்

மயிலிட்டி
12.03.2024

அன்பு மகள் வினோஜாவுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் உடம்பளவில் சுகம், நீயும் மருமகனும் பிள்ளைகளும் அந்தக் குளிரில் நோய்நொடியின்றி இருக்கச் சந்நிதி முருகனை வேண்டுகிறேன். போனில் பேசினால் பக்கத்தில் நிற்கும் அம்மாவுக்குக் கேட்கும், அதனால்தான் தாளில் எழுதிப் படம் பிடித்து அனுப்புகிறேன்.

உன் தம்பி டிலக்ஷனின் மேன்முறையீடு தள்ளுபடியானது உனக்குத் தெரியும். வலையை அறுத்தவனைத் துடுப்பால் அடித்த வழக்கில் விழுந்த ஒன்றரை வருடச் சிறையை எதிர்த்துப் போட்டது, கூப்பிட்ட அன்று நம் பக்கம் ஒருவரும் போகாததால் விசாரிக்காமலே தள்ளிவிட்டார்கள். அறிவித்தல் வரவில்லை என்று எல்லோருக்கும் சொன்னேன். அது பொய் பிள்ளை. பெரியப்பா செத்த ஒன்பதாம் நாள் தபாற்காரர் பேதுரு கொண்டுவந்தார், நான்தான் கையெழுத்து வைத்து வாங்கினேன். இரண்டு வருடமாகக் காத்திருந்த தீர்ப்பு உள்ளே இருக்கிறது என்று நினைத்துவிட்டேன். சாவுத் தீட்டுள்ள துடக்கு வீட்டில் அதை உடைக்க மனம் வரவில்லை, கீரிமலையில் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடித்து, சாமிக்கு விளக்கு வைத்தபின் உடைக்கலாம் என்று அலுமாரியில் சட்டைகளுக்கு அடியில் வைத்தேன். முப்பத்திரண்டாம் நாள் உடைத்தால் உள்ளே தீர்ப்பு இல்லை, வழக்குக்கு வரச்சொன்ன தேதிதான். அது கடந்து ஆறு நாள். பழைய சட்டத்தரணி லண்டனுக்குப் போனபின் புதியவரை வைக்காமல் நாளைக்கு நாளைக்கு என்று இருந்ததும் நான்தான், ஒருவர் நின்றிருந்தால் வேறு நாள் கேட்டிருப்பார். என்னைப்போல் ஒரு மடையன் இருக்க மாட்டான்.

பேதுருவைத் தம்பி சந்தியில் மறித்து, "என்ரை காயிதத்தை எங்கை எறிஞ்சனீர், என்ரை வாழ்க்கையெல்லோ போகுது" என்று ஊர் பார்க்கக் கத்தினான். "வீட்டிலை கேட்டுப் பாரும் தம்பி" என்று மட்டும் சொல்லிவிட்டு அவர் என்னைப் பார்த்தார். நான் வெட்கங்கெட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

புதிய சட்டத்தரணி ஆரபி, பிடியாணை வருவதற்குமுன், வழக்கை மறுபடி எடுக்கும்படி மனுப் போட்டுவிட்டார். வியாழக்கிழமை விசாரணை. போகாததற்குச் சரியான காரணம் இல்லையென்றால் தம்பி உள்ளேதான். கடிதம் வரவில்லை என்றே எழுதச் சொன்னேன். அவர் தபால் கந்தோரில் எடுத்த, என் கையெழுத்துள்ள துண்டை மேசையில் வைத்து, "ஐயா, உள்ளதை எழுதினால்தான் நான் எழும்பிக் கதைப்பன். காயிதத்தை வைச்சிருந்தது நீங்கள், உங்கடை மகனுக்குத் தெரியாது. அவருக்கிருக்கிற ஒரே காரணம் அதுதான்" என்றார். இன்று காலை சத்தியக் கடதாசியில் கையெழுத்து வைத்துவிட்டேன். எடுபடுமோ தெரியாது. அதை வாசிக்கும்போது தம்பி அங்கே நிற்பான். அதற்குமுன் நீ அவனுக்குப் போனில் பக்குவமாகச் சொல்ல வேண்டும் என்று கேட்கத்தான் இதை எழுதத் தொடங்கினேன். இவ்வளவும் எழுதியபின் அது சரியில்லை என்று படுகிறது. அவன் கரையில் கிழிந்த வலையோடு இருக்கிறான், இதை அனுப்பியதும் போய் நானே சொல்லப் போகிறேன். பிறகு பேதுரு வீட்டுக்கும் போக வேண்டும். பெற்ற பிள்ளையின் முகத்தைப் பார்க்கப் பயமாக இருக்கிறது வினோஜா.

பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பும்போது காதை மூடி அனுப்பு. முருகன் உங்களை ஒரு குறையுமின்றி வைத்திருக்கட்டும். ஒன்றை மறக்காதே, தம்பி போன் எடுத்து என்னைத் திட்டினால் எனக்காகப் பேசாதே, அவன் திட்டி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிரு.

உன் அப்பா
பொ. சோமசேகரம்