நோட்டீசில் இல்லாத வீடு

"சாரே, சங்கம் செத்தா அதுக்க மண்ணு யாருக்கு?"

நீ இப்படிக் கேட்டு எத்தனையோ வருடங்கள் ஆயிற்று. இன்று காலை பாறசாலைக்குப் பேருந்து ஏறப் போன இடத்தில் மைதாப் பசையின் புளித்த வாசனை வந்தது. கூடவே உன் கேள்வியும் வந்தது. நம் விவசாயிகள் சங்கத்தின் பழைய குடோன் கதவில் புது நோட்டீசு, பசை காயவில்லை. கலைக்கப்பட்ட சங்கத்தின் நிலம் மறுபடியும் ஏலத்துக்கு வருகிறது. முதல் தடவை ஒட்டியபோது நீ பக்கத்தில் நின்றாய்.

நம் ஊர் கேரளத்தில் அல்லவா, அந்த முதல் நோட்டீசு மலையாளத்தில் இருந்தது. நாம் ஐந்தாம் வகுப்புவரை தமிழ்ப் பள்ளியில் ஒரே பெஞ்சு. பிறகு நீ சங்கத்தில் மரச்சீனிக் கிழங்கு மூட்டை சுமக்கப் போனாய், நான் வாத்தியார் ஆனேன். ஆள் இருந்தால் என்னைச் 'சாரே' என்பாய், தனியே என்றால் 'எலே'. மலையாளம் பேசுவதில் என்னைவிட நீ கெட்டிக்காரன், எழுத்துதான் உனக்குப் பிடிபடவில்லை. அதனால் என்னைக் கூட்டிப்போனாய். நோட்டீசை வெளிக்கதவில் ஒட்டாமல், உள்ளே தராசுக்குப் பின்னால் ஒட்டியிருந்தார்கள்.

"வெளியில ஒட்டுனா மழையில நனையுமாம்," என்றாய். "மானத்தில ஒரு மேகம் இல்ல. நனையப்போறது நோட்டீசா, நானா?"

உன் சந்தேகத்துக்குக் காரணம் இருந்தது. நிலச் சீர்திருத்தம் வரப்போகிறது என்றதும், கையில் வைத்துக்கொள்ள முடியாத நிலத்தில் ஒரு துண்டைப் பெரிய வீட்டுக்காரர்கள் சங்கத்துக்கு எழுதிக் கொடுத்தார்கள். அதற்கும் முன்பே அந்தத் துண்டின் தெற்கு மூலையில் உன் அப்பாவின் குடிசை இருந்தது. குடியிருப்பவனுக்கு அந்த மண்ணில் உரிமை உண்டு என்று சட்டம் வந்தபோது நீ மனுக் கொடுத்தாய். எழுதிக் கொடுத்ததே செல்லாது என்று பெரிய வீட்டு வாரிசுகள் வேறொரு வழக்குப் போட்டார்கள். இரண்டும் முடிவதற்குள் சங்கம் முடிந்துவிட்டது.

நான் வாசித்தேன். வடக்கே ரோடு, கிழக்கே தோடு என்கிற ஓடை, தெற்கே ரப்பர் விளை, மேற்கே இடவழி. நடுவில் ஒரு குடோன். இரண்டு தரம் தேடியும் உன் பெயர் இல்லை, உன் வீடும் இல்லை.

"உனக்க பேரே இல்ல மக்கா. உன்னைத் தொடல. நிம்மதியா இரி," என்றேன்.

நீ தராசுத் தட்டில் உட்கார்ந்து என்னைப் பார்த்தாய்.

"எலே, உனக்க ரெஜிஸ்டர்ல பேரில்லாத பிள்ளைக்கு மத்தியானம் கஞ்சி உண்டா?"

"அது இல்ல."

"பின்னே? பேரில்லாததாக்கும் எனக்குப் பயம். அளக்க வந்தவரு எனக்க கெணத்துல தண்ணி கோரிக் குடிச்சாரு. கெணறு கண்ணுல பட்டுது, பேப்பர்ல மட்டும் எப்படிப் படாமப் போச்சு?"

நான் சிரித்தேன். படித்தவன் சிரிப்பு. இன்றும் அதை நினைத்தால் கூசுகிறது.

ஏலத்துக்கு மூன்று பேர் ஒரே ஜீப்பில் வந்து இறங்கினார்கள். "ஒரு ஜீப்பு, ஒரே தீப்பெட்டி. இதில யாரு யாருக்கு எதிராக்கும்?" என்று என் காதில் சொன்னாய். வளைகுடாவில் வேலை பார்க்கும் மச்சினனுக்காக அவர்களில் ஒருவர் எடுத்தார். அடுத்த வாரமே கல்தூணும் கம்பியும் வந்தன. "நாலு அதிருக்கு உள்ள உள்ளது எல்லாம் எங்களுக்கு," என்று அவர் அதே நோட்டீசை நீட்டி நான்கு எல்லைகளையும் காட்டினார். உனக்குப் பாதுகாப்பு என்று நான் வாசித்த காகிதம் அவர் கையில் ஆதாரமாக இருந்தது.

பணம் போட்ட அந்த மச்சினன் வளைகுடாவிலிருந்து விடுமுறையில் வந்தபோது கேட்டேன். "காலி மண்ணுன்னு சொன்னாவ சார். வெயில்ல கெடந்து சேத்த பணமாக்கும்," என்றார். அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. கிணற்றுத் தண்ணீரைக் குடித்துவிட்டுக் கிணற்றை எழுதாத கை எது என்பதுதான் எனக்கு இன்றும் தெரிய வேண்டும்.

கம்பி கட்ட வந்த அன்று நீ வாசலில் உட்கார்ந்து எழும்பவே இல்லை. நான் மனு எழுதினேன். உரிமை வழக்குகள் தீராமல் விற்றது தவறு என்று நீதிமன்றம் அந்த ஏலத்தை ரத்து செய்தது. வழக்குகள் மட்டும் தீரவில்லை. நீ அவற்றை முந்திக்கொண்டு போய்ச் சேர்ந்தாய்.

இன்றைய நோட்டீசை வெளியில்தான் ஒட்டியிருக்கிறார்கள், தமிழிலும் உண்டு. அந்த நல்ல குணமே எனக்குச் சந்தேகம். ஒரு நகல் எழுதிக்கொண்டு உன் மகளிடம் போனேன்.

"மாமா, இந்தத் தடவ அப்பா பேரு உண்டா?"

"இல்ல மக்களே. அதனாலதான் இன்னைக்கே போவணும்."

நான்கு எல்லையையும் இருவரும் நடந்தோம். மண்ணில் நின்றும் காகிதத்தில் இல்லாதவற்றை அவள் சொல்லச் சொல்ல எழுதினேன். அவள் சமைக்கிற வீடு. கிணறு. அயனி மரத்தடியில் நீ படுத்திருக்கும் இடம். வழக்கு எண்கள் இரண்டையும் அடியில் சேர்த்து, சங்கச் சொத்தை விற்கும் கலைப்பு அதிகாரியின் அலுவலகத்தில் ஆட்சேபம் கொடுத்தோம். நகலில் முத்திரை விழும்வரை நான் நகரவில்லை. விற்பனை நிற்குமா என்று தெரியாது. ஆனால் வீடு இருப்பது தெரியாது என்று இனி யாரும் சொல்ல முடியாது.

உன்னிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்தச் சந்தேகம்தான், மக்கா. பள்ளியை விட்டபின் படித்த பாடம். இதை வாசிப்பவருக்கும் அதையே சொல்கிறேன்: உங்கள் வீட்டுப் பத்திரத்தைக் கையில் பிடித்து நான்கு எல்லையையும் ஒருமுறை நடந்து, அதில் இல்லாததை எழுதிப் பாருங்கள்.