பதினொரு நாளைக்கேனும் திரு. பலராமனைத் தலைமையாசிரியர் ஆக்கக் கோரி

அனுப்புநர்:
க. கோதண்டராமன்,
இடைநிலை ஆசிரியர்,
ஊராட்சி ஒன்றிய நடுநிலைப் பள்ளி,
கல்லேரிமேடு,
திருவண்ணாமலை வட்டம்.

பெறுநர்:
உயர்திரு கல்வி அலுவலர் அவர்கள்.

பொருள்: பணிமூப்பு – தலைமையாசிரியர் பதவி உயர்வு – நான் யார்மீது வழக்குப் போட்டேனோ அவருக்கே வழங்க வேண்டுதல் – தொடர்பாக.

பார்வை: எனது முந்தைய நாற்பது மனுக்கள்.

மதிப்பிற்குரிய ஐயா,

1. நானும் திரு. வ. பலராமனும் ஒரே ஆணையில் நியமனம் பெற்று, 12.6.1958 அன்று மேற்படி பள்ளியில் பணியேற்றோம். அவர் முற்பகல், நான் பிற்பகல். அந்த அரை நாளே இவ்வழக்கு.

2. பிற்பகலானதற்குக் காரணம், வேலை கிடைத்தால் மலையைச் சுற்றிவிட்டுத்தான் கையெழுத்துப் போடுவதாக நான் வேண்டிக்கொண்டதுதான். விடியற்காலையில் கிளம்பினேன். எட்டு மைலுக்கு ஆறரை மணி நேரம் ஆயிற்று. நடுவே ஒரு மண்டபத்தில் கண்ணயர்ந்ததும் உண்டு. திரு. பலராமனோ தெருமுனைப் பிள்ளையாருக்கு ஒரு சூடம் காட்டிவிட்டு, சைக்கிளில் ஒன்பதரைக்கே வந்து பதிவேட்டில் கையெழுத்திட்டார். சுற்றி வந்தவனுக்கு மாம்பழம் கிடைக்காது என்பது தாங்கள் அறிந்த கதையே. எனக்கு அன்று நினைவுக்கு வரவில்லை.

3. 1971-இல் தலைமையாசிரியர் பதவி காலியாகி, மூத்தவர் என அவருக்கு ஆணை வந்தது. நான் நீதிமன்றம் சென்று தடை வாங்கினேன். பேருந்து பழுதானதால் தாமதம் என்று பிரமாண வாக்குமூலம் கொடுத்தேன். 1958-இல் எங்கள் ஊருக்குப் பேருந்தே கிடையாது. இதை எதிர்த்தரப்பு வக்கீல் கவனிக்கவில்லை. என் மனைவி பொன்னி கவனித்து, குழாயடியில் இன்றுவரை சொல்லி வருகிறாள்.

4. தடை நீடிக்கும் இப்பதின்மூன்று ஆண்டுகளாக, எங்கள் இருவருக்கும் எட்டாண்டு இளையவரான திருமதி சந்திரகலாவே பொறுப்புத் தலைமையாசிரியர். அவர் அதைக் கேட்கவுமில்லை, விரும்பவுமில்லை. வருகைப் பதிவேட்டில் யார் முதலில் கையெழுத்திடுவது என்ற போட்டியில் நாங்கள் இருவரும் காலை ஏழு மணிக்கே பள்ளி வாசலில் நிற்போம், பேசிக்கொள்ள மாட்டோம். இவ்வழக்கால் பள்ளிக்கு விளைந்த ஒரே நன்மை இதுதான்.

5. சென்ற மாதம் திரு. பலராமனின் மனைவி திருமதி பாஞ்சாலை, தம் மகள் திருமணப் பத்திரிகையுடன் என் வீட்டுக்கு வந்தார். பெண்ணின் தகப்பனார் பெயருக்குக் கீழே ஒரு சொல் கறுப்பு மையால் அடிக்கப்பட்டிருந்தது. வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்: 'தலைமையாசிரியர்'. அச்சகத்தார் மரியாதைக்காகப் போட்டதாம். அந்த அம்மாள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: "நீங்க இதுக்கும் ஒரு மனு போட்டுடுவீங்கன்னு, முந்நூறு பத்திரிகையிலயும் அவரே உக்காந்து அடிச்சாருங்க. கை வீங்கிப் போச்சு."

நான் அதற்கும் மனு போட்டிருப்பேன் என்பதை மறைப்பதற்கில்லை.

6. மறுநாளே வழக்கை வாபஸ் பெற வக்கீலுக்கு எழுதினேன். அடுத்த வாய்தா ஜூன் 18 என்று பதில் வந்தது. திரு. பலராமன் ஓய்வு பெறுவது இம்மாதம் 30-ஆம் தேதி. எனவே, அவருக்குப் பதவி வழங்க எனக்கு ஆட்சேபணை இல்லை என்று எழுதிக்கொண்டு தங்கள் அலுவலகம் வந்தேன். பிரிவு எழுத்தர் வாங்க மறுத்துவிட்டார்.

"கேஸ் நடக்கும்போது மனு வாங்கக்கூடாதுங்க சார்."

"கேஸே வேணாம்னுதாங்க இந்த மனு."

"அதையும் கேஸ் முடிஞ்சப்புறம் குடுங்க."

அவர் மீது எனக்குக் குறை இல்லை. விதியைச் சொன்னார். ஆயினும், 'பலராமனுக்குக் கொடுக்காதீர்' என்று நான் தந்த நாற்பது மனுக்களும் அன்றன்றே முத்திரையிட்டு வாங்கப்பட்டதையும், 'கொடுங்கள்' என்ற ஒன்றுக்கு மட்டும் மேசையில் இடமில்லாமல் போனதையும் பணிவுடன் தெரிவிக்கிறேன். ஆகவேதான் இது பதிவுத் தபாலில் வருகிறது.

7. நான் வாசல்படி இறங்கும்போது அதே எழுத்தர் பின்னாலேயே வந்து, என் முகத்தைப் பார்த்து இரங்கியோ என்னவோ, ஆறுதலாகச் சொன்னார்: "ஏன் சார் கவலைப்படறீங்க? முப்பதாந்தேதி அவரு ரிடையர் ஆயிட்டா கேஸுக்கே வேலையில்ல. அடுத்த சீனியர் நீங்கதான். மே மாசமே ஆர்டர் வந்துடும்."

8. ஆகவே, தாங்கள் மனமிரங்கி, எஞ்சியுள்ள பதினொரு நாட்களுக்கேனும் திரு. பலராமனைத் தலைமையாசிரியராக நியமித்து ஆணையிட வேண்டுகிறேன். அதற்கு விதி இடந்தராவிடில், 'க. கோதண்டராமன் இவருக்கு இளையவர்' என்று ஒரு வரி எழுத்தில் தந்தால் போதும். பிரிவுபசாரக் கூட்டத்தில் நானே வாசிப்பேன். அதுவும் இயலாது என்றுதான் பதில் வரும், அல்லது பதிலே வராது. இருபத்தாறு ஆண்டுப் பணியில் இந்த அளவு எனக்குத் தெரியும்.

அப்படியானால், மே மாதம் என் பெயருக்கு வரவிருக்கும் ஆணையையாவது அனுப்பாதிருக்குமாறு மன்றாடுகிறேன்.

இடம்: அடி அண்ணாமலை (மலை சுற்றும் வழியில்)
நாள்: 19.4.1984

தங்கள் கீழ்ப்படிந்த,
(ஒப்பம்)
க. கோதண்டராமன்