முப்பத்து மூன்று வீட்டுக் கோடரி

மரைன் ஹில்,
போர்ட் பிளேர்.
9 ஜூலை 2023

அன்புள்ள குமாரிக்கு,

நலம். நீயும் அப்பாவும் நலம்தானே? போனில் கேட்டிருப்பேன். ஆனால் நீ டவர் மேட்டில் ஏறி நின்று, பின்னால் வரிசையில் நிற்கிற பத்துப் பேருக்கும் கேட்கும்படி பேச வேண்டியிருக்கிறது. போன தடவை உன்னிடம் ரகசியமாகச் சொன்னதை மறுநாள் சொர்ணம்மா அத்தை எனக்கே செய்தியாகச் சொன்னார். அதனால் கடிதம். தவிர, இந்த உறையில் சில படிவங்கள் வைத்திருக்கிறேன். அவற்றில் பேனாவால் போட்ட அசல் கையெழுத்து வேண்டும்.

வேலை கிடைத்துவிட்டது. இனி சமது பாய் கடையில் ஆணி எடைபோட வேண்டாம். கம்பெனி பெயர் நீல்ஹரித் கேப்பிட்டல், மும்பை. பூமி சூடாகாமல் இருக்கப் பணம் போடுகிறவர்கள். இதுவரை காற்றாலையிலும் சோலாரிலும் போட்டார்கள், இப்போது காட்டில் போடுகிறார்கள். என் பதவி 'சமூகத் தொடர்பாளர்'. எனக்கு மேஜை உண்டு. ஆபீசுக்கு ஜெனரேட்டரும் உண்டு, சமது பாயிடம் நானே வாங்கி வந்தேன். டீசல் புகை ஜன்னல் வழியாக வருவதால் 'பூமியைக் குளிர்விப்போம்' போஸ்டரை எதிர்ச் சுவருக்கு மாற்றிவிட்டோம்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் லைன் வீடுகளைச் சுற்றியுள்ள ரப்பர் மரங்களில் பால் வெட்டு நின்று ஒன்பது வருடம் ஆகிறது. அவை சும்மா நிற்கின்றன. அப்படி நிற்பதற்கே இப்போது விலை உண்டு. வெளிநாட்டில் புகை விடுகிற கம்பெனிகள், இங்கே ஒரு மரம் வெட்டப்படாமல் நின்றால் அதற்குப் பணம் கொடுத்துவிட்டு அங்கே நிம்மதியாகப் புகை விடலாம். ஒரு நிபந்தனை. எப்படியும் நிற்கப் போகிற மரத்துக்குப் பணம் கிடையாது. இந்தப் பணம் வராவிட்டால் வெட்டியிருப்பார்கள் என்கிற மரத்துக்குத்தான்.

எனவே லைனில் உள்ள முப்பத்து நான்கு ரேஷன் கார்டுக்காரர்களும், 'நிதி வராவிட்டால் இம்மரங்களை வெட்டியிருப்போம்' என்று ஒரு கையெழுத்துப் போட வேண்டும். அவ்வளவுதான். உன் கார்டும் அப்பா கார்டும் தனித்தனியாக இருப்பது நல்லதாகப் போயிற்று. நம் ஒரு வீட்டிலிருந்தே இரண்டு கையெழுத்து. பதிலுக்கு வீட்டுக்கு ஒரு சோலார் விளக்கும், வருடா வருடம் பணத்தில் ஒரு பங்கும் வரும்.

என் வேலை நிரந்தரமாவது இந்தப் படிவங்களில்தான் இருக்கிறது. அடுத்த கப்பலில் அனுப்பிவிடு.

அன்புடன்,
உதயா

---

கட்சால்
2 ஆகஸ்ட் 2023

அன்புள்ள மச்சானுக்கு,

குமாரி எழுதுவது. நாங்கள் நலம். மழையால் கப்பல் இரண்டு தடவை கரைக்கு வராமலே திரும்பியது. உங்கள் கடிதம் கொஞ்சம் ஈரமாக வந்தது, படிவங்கள் மட்டும் பிளாஸ்டிக் உறைக்குள் பத்திரமாக இருந்தன.

அங்கன்வாடியில் கூட்டம் போட்டேன். நீங்கள் எழுதியதை அப்படியே வாசித்தேன். பிறகு சொர்ணம்மா அத்தை கேட்டார்.

"ஏன்டி குமாரி, மரத்த வெட்டுறவனுக்குத்தான் காசா?"

"இல்லத்த. வெட்டாதவனுக்குத்தான்."

"அப்ப நமக்குத்தானே. எதுக்கு வெட்டுவோம்னு எழுதணும்?"

"வெட்டுறதா இருந்தாத்தான், வெட்டாம இருந்ததுக்குக் காசு."

"அரே, இது நல்லாருக்கே. எம் மருமக என்னை அடிக்கிறதா இருந்து அடிக்காம இருக்கா. அவளுக்கு ஏதாச்சும் உண்டான்னு ஒம் புருசன்கிட்ட கேளு."

சிரித்தார்கள், கையெழுத்தும் போட்டார்கள். சோலார் விளக்குக்காகச் சிலர், உங்களுக்காகச் சிலர். உதயா நம்ம பையன், சும்மா கேட்க மாட்டான் என்றார் மருதாயி அக்கா.

மாமா போடவில்லை. படிவத்தை என்னையே இரண்டு தடவை வாசிக்கச் சொன்னார். பிறகு பேனாவை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"சிலோன்ல எங்கப்பன் பால் வெட்டுனாரு. இங்க நான் முப்பத்தெட்டு வருசம் வெட்டுனேன். கத்தி பட்டையத் தாண்டி மரத்துல பட்டுச்சுன்னா கங்காணி அன்னைக்குக் கூலிக்குப் பேர் போட மாட்டான். எம் பேரு ஒரு நாள் விட்டுப்போனதில்ல. இப்ப மரத்தையே சாய்க்கப் போனேன்னு எழுதிக் குடுக்கணுமாக்கும். ஒம் புருசன போய் எழுதச் சொல்லு. அவன் ஒரு நாளும் ஒழுங்கா வெட்டுனதில்ல."

சுனாமி அலை வந்தபோது இந்த மேட்டில் பதினோரு நாள் கிடந்தோமே, அப்போதுகூட விழுந்த சுள்ளியில்தான் கஞ்சி காய்ச்சினோம் என்றும் சொன்னார். அது எனக்கும் நினைவிருக்கிறது. இருந்தும் நான் போட்டேன். நீங்கள் கேட்டதால் போட்டேன். முப்பத்து மூன்று படிவங்கள் இத்துடன்.

உங்களுக்குப் பிடிக்குமே என்று கருவாடும் வைத்திருக்கிறேன். படிவத்தில் வாசம் ஏறியிருந்தால் உங்கள் ஆபீசில் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

குமாரி

---

மரைன் ஹில்
28 ஆகஸ்ட் 2023

அன்புள்ள குமாரி,

கருவாட்டு வாசம் மும்பைவரை போயிருக்கிறது. எங்கள் மேலதிகாரி வைஜெயந்தி மேடம், படிவங்களில் 'களத்தின் உயிர்ப்பு' இருப்பதாகப் பாராட்டினார். அவர் நல்ல மனுஷி. மாமிசம் சாப்பிடுவதில்லை, பிளாஸ்டிக் பாட்டிலில் தண்ணீர் குடிப்பதில்லை. மாதம் இரண்டு முறை விமானத்தில் வந்து எங்களை ஊக்கப்படுத்துகிறார்.

அப்பா விஷயம் எனக்கு அவமானமாகிவிட்டது. சமூகத் தொடர்பாளருக்குச் சொந்தத் தகப்பனாரோடே தொடர்பில்லை என்று ஆபீசில் சிரித்தார்கள். முப்பத்து மூன்று போதும் என்று மேடம் விட்டுவிட்டார்.

இன்னும் ஒன்றுதான் பாக்கி. வெட்டியிருப்போம் என்று சொன்னால் மட்டும் போதாதாம், வெட்டுகிற வசதி இருந்தது என்றும் காட்ட வேண்டுமாம். சோதனை அதிகாரி நவம்பரில் வருகிறார். அதற்குள் ஒவ்வொரு குடும்பமும் தங்கள் கோடரியுடன் வாசலில் நிற்கிற படம் வேண்டும். உன் போனில் எடுத்தால் போதும். சிரிக்காமல் நிற்கச் சொல்.

இங்கே டெய்ரி ஃபார்ம் பகுதியில் வீடு பார்த்துவிட்டேன். இரண்டு அறை, தண்ணீர் ஒரு நாள் விட்டு ஒரு நாள் வரும். நீ வந்துவிடு. போனில் கேட்டதையும் சேர்த்து இது நாலாவது தடவை. அப்பா வராவிட்டால் அது அவர் பிடிவாதம். அதற்கு நாம் ஏன் ஆளுக்கொரு தீவில் இருக்க வேண்டும்?

உதயா

---

கட்சால்
4 டிசம்பர் 2023

அன்புள்ள மச்சானுக்கு,

நலம். படங்கள் கிடைத்திருக்கும். ஒரு உண்மை சொல்ல வேண்டும். லைன் முழுக்கத் தேடியும் கோடரி ஒன்றுதான் கிடைத்தது, மருதாயி அக்கா வீட்டில். கைப்பிடி ஆடுகிறது என்று நீலத் துணி சுற்றியிருந்தார். அதே கோடரிதான் வரிசையாக முப்பத்து மூன்று வாசலுக்கும் போனது. பத்தாவது வீட்டுக்குப் பிறகு துணியை அவிழ்த்துவிட்டோம். இருபதாவது வீட்டில் பிடி கழன்று விழுந்தது, அந்த வீட்டு அங்கம்மா கல்லை வைத்து அடித்துச் சொருகினாள். என் படத்தில் நான் கோடரியைப் பிடித்திருப்பது குழந்தையைப் பிடித்திருப்பது போல இருக்கிறது என்று எல்லோரும் கேலி செய்தார்கள்.

சோதனை அதிகாரி ஹிந்திக்காரர். கப்பலில் வாந்தி எடுத்து ஓய்ந்துபோய் வந்தார். "குல்ஹாடி கிதர் ஹை?" என்று முதல் வீட்டில் கோடரியைக் கேட்டார், காட்டினோம். அவர் டீ குடித்து முடிப்பதற்குள் அது பின்பக்கமாக அடுத்த வீட்டுக்குப் போய்விட்டது. ஐந்து வீட்டோடு நிறுத்திக்கொண்டார். இவ்வளவு ஆயுதம் எதிர்பார்க்கவில்லை என்றார்.

சோலார் விளக்கு வந்தது, நன்றாகவே எரிகிறது. பங்கு இன்னும் வரவில்லை. அதற்கு முன்னால் ஒரு போர்டு வந்துவிட்டது. கீழே விழுந்த கிளையையும் யாரும் எடுக்கக் கூடாதாம், அதுவும் கணக்கில் இருக்கிறதாம். கேஸ் சிலிண்டர் கப்பல் வந்தால்தான். போன வாரம் நான்கு நாள் அங்கன்வாடிப் பிள்ளைகளுக்கு அவல்தான் ஊறவைத்துக் கொடுத்தேன். சுற்றிலும் விறகு, நடுவில் அவல். இதை உங்கள் மேடத்திடம் சொல்ல முடியுமா?

டெய்ரி ஃபார்ம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். மாமாவுக்கு இடது கண்ணில் புரை முற்றிவிட்டது. அடுப்பு பற்ற வைக்கும்போது நான் பக்கத்தில் இருக்க வேண்டும். அவர் அதை ஒத்துக்கொள்ள மாட்டார், எனக்குச் சமைக்கத் தெரியாததால்தான் அவர் அடுப்படிக்கு வருவதாகச் சொல்வார். இங்கிருந்து நான் எப்படி வருவது? நீங்கள் பொங்கலுக்கு வாருங்கள்.

குமாரி

---

மரைன் ஹில்
19 பிப்ரவரி 2024

அன்புள்ள குமாரி,

பொங்கலுக்கு வர முடியவில்லை. மும்பைக்காரர்கள் வந்திருந்தார்கள். இந்தக் கடிதத்தை மூன்று தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். பொறுமையாகப் படி.

வெளிநாட்டு முதலீட்டாளர்கள் நம் அறிக்கையைப் படித்திருக்கிறார்கள். படங்களையும் பார்த்திருக்கிறார்கள். முப்பது வருடத்துக்குப் பணம் போடுகிறவர்கள் கேட்கிற கேள்வியைத்தான் கேட்டார்கள். மரத்தை வெட்டத் திட்டமிருந்ததாக எழுதிக் கொடுத்து, கோடரியோடு நிற்கிற முப்பத்து மூன்று குடும்பங்கள் அந்த மரங்களுக்கு நடுவிலேயே குடியிருந்தால், எங்கள் பணத்துக்கு என்ன பாதுகாப்பு?

மேடத்திடம் பதில் தயாராக இருந்தது. 'அச்சுறுத்தல் பட்டியல்' என்று ஒன்று தயாரானது. அதில் உள்ளவர்களுக்குப் படகுத்துறைப் பக்கம் புதிய குடியிருப்பு. தகரக் கூரை, ஆனால் மேலே சோலார். ஜூனுக்குள் மாற வேண்டும். கடலுக்குப் பக்கம், மறுபடி அலை வந்தால் என்ன செய்வது என்று நானும் சொன்னேன். கடல் பார்த்த வீடு என்று குறித்துக்கொண்டார்கள். தோட்டத்து வீடுகளுக்கு நம்மிடம் பட்டா எதுவும் இல்லை என்பதும் அவர்களுக்குத் தெரியும்.

அப்பாவுக்கு ஒன்றும் இல்லை. அவர் கையெழுத்துப் போடாததால் பட்டியலில் இல்லை. வெட்ட மறுத்த ஒரே ஆள் என்று மும்பையில் அவரைப் பற்றிப் பெருமையாகப் பேசுகிறார்கள். அவரை அங்கேயே காவலராக வைத்துக்கொள்ள விரும்புகிறார்கள். சம்பளமும் பச்சைத் தொப்பியும் உண்டு.

பட்டியலை நான் தயாரிக்கவில்லை, குமாரி. டைப் மட்டும்தான் செய்தேன். உன் பெயர் பதினேழாவது. அதை எடுத்துவிடலாமா என்று கேட்டேன். ஒன்றை எடுத்தால் முப்பத்து இரண்டும் சந்தேகத்துக்கு உள்ளாகும் என்றார்கள்.

ஒரு விதத்தில் நல்லதற்கே என்று நினைக்கிறேன். நீ தகர வீட்டுக்குப் போக வேண்டியதில்லை. நேரே டெய்ரி ஃபார்முக்கு வந்துவிடலாம். பட்டியலும் சம்மதப் படிவங்களும் உள்ளே இருக்கின்றன. நீயே வீடு வீடாகப் போய் எடுத்துச் சொன்னால் கேட்பார்கள். உன்மேல் நம்பிக்கை இருக்கிறது அவர்களுக்கு.

என்மேல் கோபப்படாதே.

உதயா

---

கட்சால்
11 மார்ச் 2024

மச்சானுக்கு,

உங்கள் கடிதத்தை அங்கன்வாடியில் வாசித்தேன். முதல் கடிதத்தை வாசித்த அதே இடத்தில் நின்று, ஒரு வரி விடாமல். டெய்ரி ஃபார்ம் வரியையும் விடவில்லை.

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. அங்கம்மா மட்டும், "நம்ம கோடாலி ஒண்ணுதான்னு சொல்லிட்டா விட்டுருவாங்களா?" என்று கேட்டாள். சொன்னால் படங்கள் பொய்யாகும், உதயா வேலை போகும் என்றார் மருதாயி அக்கா. அவர் வீடு பட்டியலில் இரண்டாவது. அப்போதும் அவர் யோசித்தது உங்கள் வேலையைப் பற்றித்தான். நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்று எழுதுகிறேன்.

அன்று சாப்பிடும்போது மாமா, "ஒரே அடுப்புல கஞ்சி குடிக்கிறோம். நீ திருடி, நான் போலீசா?" என்று மட்டும் கேட்டார்.

மறுநாள் காலையில் மருதாயி அக்காவிடம் போய்க் கோடரியைக் கேட்டு வாங்கினார். நீலத் துணியை அவரே சுற்றினார். லைனுக்கு நேர் பின்னால் முதல் வரிசை முதல் மரம், உங்களுக்குத் தெரியும், அவர் வேலைக்குச் சேர்ந்த அன்று பால் வெட்டியது. முதலில் பழைய கத்தியால் பட்டையில் ஒரு கோடு இழுத்தார். ஒன்பது வருடத்துக்குப் பிறகும் பால் வந்தது. பால் நிற்கிறவரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். பிறகு வெட்டினார்.

அவருக்கு மரம் வெட்டத் தெரியவில்லை, மச்சான். பார்க்கவே முடியவில்லை. ஒரு கண்ணை வைத்துக்கொண்டு, ஒரு இடத்தில் இரண்டு அடி விழவில்லை. பன்னிரண்டு மணிக்குத்தான் சாய்ந்தது. லைனே வந்து நின்றது, யாரும் கை கொடுக்கவில்லை. அவர் கொடுக்க விடவும் இல்லை. கம்பெனி வைத்திருக்கிற காவல் பையன் ஓடி வந்து, "தாத்தா, கியா கர் ரஹே ஹோ, என்ன செய்யிறீங்க?" என்று கத்தினான். மாமா அவனிடம் கோடரியைக் காட்டி, "போட்டோ எடுத்துக்க. இதுல நெசமாவே வெட்டுன ஆளு நாந்தான்" என்றார்.

அந்தப் படம் இதற்குள் உங்களுக்கு வந்திருக்கும்.

பிறகு போன வருடத்துப் படிவத்தைப் பெட்டியிலிருந்து எடுக்கச் சொன்னார். கையெழுத்துப் போட்டார். இப்ப இதுல பொய் இல்ல என்றார். அதை இத்துடன் வைத்திருக்கிறேன். பட்டியலில் முப்பத்து நான்காவதாக ராக்கப்பன் என்று டைப் செய்துவிடுங்கள். தொப்பியை வேறு யாருக்காவது கொடுங்கள்.

சம்மதப் படிவங்களையும் திருப்பி அனுப்புகிறேன். எல்லாம் வெறுமையாக இருக்கும், நான் யாரிடமும் கேட்கவில்லை. அதற்குப் பதில் ஒரே கோடரிதான் இருந்தது என்றும், படங்களை நான்தான் எடுத்தேன் என்றும், கையெழுத்து நான்தான் வாங்கினேன் என்றும் ஒரு மனு எழுதி முப்பத்து நான்கு பேரும் கையெழுத்துப் போட்டிருக்கிறோம். ஒன்று மும்பைக்கு, ஒன்று அந்த வெளிநாட்டுக்காரர்களுக்கு. விலாசம் உங்கள் படிவத்தின் அடியிலேயே சின்ன எழுத்தில் இருந்தது. அதனால் மரம் நிற்குமா, நாங்கள் நிற்போமா, எனக்குத் தெரியாது. உங்கள் வேலை நிற்காது என்று மட்டும் தெரிகிறது. மருதாயி அக்கா கடைசியாகத்தான் கையெழுத்துப் போட்டார். அழுதுகொண்டு போட்டார்.

நான்கு தடவை நீங்கள் கூப்பிட்டும் நான் வரவில்லை. ஐந்தாவது தடவை என் வீட்டை எடுத்துக்கொண்டு கூப்பிட்டிருக்கிறீர்கள். நீங்கள் அப்படி நினைத்திருக்க மாட்டீர்கள். எனக்கு அப்படித்தான் வந்து சேர்ந்திருக்கிறது.

நீங்கள் அனுப்பிய பட்டியலில் பதினேழாவது வரியைப் பார்த்தேன். குடும்பத் தலைவர், விஜயகுமாரி. கணவர் என்ற இடத்தில் 'உடன் வசிக்கவில்லை' என்று டைப் செய்திருக்கிறீர்கள். மற்றதெல்லாம் தப்பு. அது மட்டும் சரியாக இருக்கிறது. மாற்ற வேண்டாம்.

சாய்ந்த மரம் அப்படியே கிடக்கிறது. கணக்கில் இருப்பதால் நாங்கள் தொடவில்லை. அடுப்புக்கு இன்று கேஸ் இல்லை.

விஜயகுமாரி