கேக்கின் மேல் அரளி மொட்டு

என் பொன்னான அண்ணனுக்கு,

உன் மகள் கல்யாணம் நல்லபடியாக முடிந்தது. மாப்பிள்ளை சேந்தமங்கலம். அதிகம் பேசாதவர், சௌமியா பேசுவதைக் கேட்கவென்றே பிறந்தவர் போல இருக்கிறார். ரசத்தில் புளி போதவில்லை என்று நம் பெரியப்பா மகன் வழக்கம்போலக் குறை சொன்னார். நீ இருந்திருந்தால் அவர் இலையிலேயே இன்னொரு கரண்டி ஊற்றச் சொல்லியிருப்பாய்.

ஆனால் நான் எழுத உட்கார்ந்தது கேக்கைப் பற்றி. சிரிக்காதே, முழுசாகக் கேள்.

அயோத்தியாப்பட்டணத்தில் என் கேக் கடைக்கு வருகிற கல்யாண வீட்டார் எல்லோரிடமும் நான் கேட்கிற முதல் கேள்வி, "மேல நெசப் பூ வெக்கலாங்களா, சர்க்கரைப் பூ வெக்கலாங்களா?" என்பதுதான். நிஜப் பூ அழகு. ஆனால் மண்டபத்துச் சூட்டில் முதல் பந்தி முடிவதற்குள் தலை தொங்கிவிடும். மருந்தடிக்காத பூவாகத் தேடவும் வேண்டும். சர்க்கரைப் பூவென்றால் ஒரு வாரம் நான் கழுத்து நோக உட்கார வேண்டும். ஆனால் அது வாடாது, தின்னவும் செய்யலாம். சௌமியாவிடமும் அதையே கேட்டேன்.

அவள் யோசிக்கவே இல்லை. "நெசப் பூதான் அத்தை. நம்ம தோட்டத்து அரளி. அப்பா வெச்ச செடி."

என் வாய் முந்திக்கொண்டது. "சாமி, அது வெசம். ஆடு கூட வாய் வெக்காது. அதப் போயி திங்கற கேக்கு மேல வெப்பாங்களா?"

"இருவது வருசமா அந்த வெசந்தான் அத்தை எங்களுக்குச் சோறு போட்டுச்சு" என்றாள். அவ்வளவுதான், எழுந்து போய்விட்டாள். நான்கு நாள் என் போனை எடுக்கவில்லை.

நான் சொன்னது சரிதான் அண்ணா. விருந்தாளி வாயில் அரளி போனால் யார் பதில் சொல்வது? ஆனாலும் எனக்குச் சோறு இறங்கவில்லை. ஏனென்றால் அந்த வார்த்தையை நான் முதல் முறையாகச் சொல்லவில்லை.

நினைவிருக்கிறதா, நான் கடை திறந்த அன்று மார்க்கெட்டுக்குப் போகிற வழியில் வண்டியை நிறுத்தினாய். ஒரு கூடை செவ்வரளியை இறக்கி, "மொத கேக்குக்கு மேல கொஞ்சம் வெய்யி அம்மிணி, எடுப்பா இருக்கும்" என்றாய். அது விஷம் என்று உனக்குத் தெரியாதா? கையில் இருந்ததைக் கொண்டுவந்தாய். நான் எல்லோர் முன்னாலும் கேட்டேன், "ஏண்ணா, வந்தவங்கள எல்லாம் ஒரேயடியா அனுப்பி வெக்கவா?" எல்லோரும் சிரித்தார்கள். நீயும் சிரித்தாய். கூடையை மறுபடி வண்டியில் வைத்து, ஒரே முடிச்சில் நிற்கிற கயிற்றுக்கு இரண்டு மூன்று முடிச்சுப் போட்டாய், தலையைக் குனிந்துகொண்டே. பார்த்தேன். பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டேன். வாசலில் தோரணமாகக் கட்டலாம் அண்ணா என்று சொல்லக்கூட எனக்கு ஏன் தோன்றவில்லை?

அதனால் சர்க்கரையில் அரளி செய்வது என்று முடிவு செய்தேன். போனில் படம் வைத்துப் பார்த்து, ஐந்து இதழும் நன்றாக விரிந்த செவ்வரளியாக நாற்பது பூ. என் கையாலேயே இவ்வளவு நல்ல வேலை வந்ததில்லை. பெட்டியில் அடுக்கி, பனமரத்துப்பட்டிக்கு உன் வீட்டுக்கே எடுத்துப் போனேன்.

சௌமியா மூடியைத் திறந்தாள். முகம் வெளுத்துப்போயிற்று. மூடியைச் சாத்திவிட்டு, "இது வேண்டாம் அத்தை" என்றாள். இன்னும் கோபம் ஆறவில்லை என்றுதான் நினைத்தேன்.

அண்ணி வந்து பெட்டியைத் திறந்து பார்த்தார். ஒரு பூவின் இதழை விரலால் தொட்டுப் பார்த்தார். பிறகு மெதுவாகக் கேட்டார், "அம்மிணி, உங்கண்ணன் விரிஞ்ச பூவ மார்க்கெட்டுக்குக் கொண்டு போயி என்னிக்காச்சும் பாத்திருக்கீங்களா?"

எனக்கு அப்போதும் விளங்கவில்லை.

"அரளிய மொட்டாத்தான் பறிப்போம். விரிஞ்சா யாரும் வாங்க மாட்டாங்க. இத்தன வருசத்துல நம்ம தோட்டம் முச்சூடும் விரிஞ்சத நாங்க ஒரு நாள்தான் பாத்தோம்."

அண்ணா, அது எந்த நாள் என்று உனக்கு நான் சொல்ல வேண்டுமா? கூடையோடு பறிக்கப் போனவன் வரப்பிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய். அன்று யாரும் பறிக்கவில்லை. மறுநாள் உன்னைத் தூக்கிக்கொண்டு அதே வரப்பில் போனார்கள், இரண்டு பக்கமும் ஒரே சிவப்பாக விரிந்து கிடந்தது. வாசலில் நின்று நானும்தான் பார்த்தேன். படத்தைப் பார்த்துச் செய்ததாக நினைத்தேனே, என் கை எதைப் பார்த்துச் செய்ததோ தெரியவில்லை.

நான் அழுதேன். சௌமியா வந்து என் மடியில் தலை வைத்துக்கொண்டாள். "வெசம்னு சொன்னதுக்கில்ல அத்தை, அப்பாவ வேண்டாம்னு சொன்ன மாதிரி இருந்துச்சு" என்றாள். உன் கூடையைப் பற்றி அவளிடம் சொல்லிவிட்டேன். என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அண்ணி சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தார். உடைந்தால் சரிசெய்யவென்று நான் கையோடு கொண்டுவந்திருந்த சர்க்கரை மாவைப் பிசைந்து, மூன்று பேருமாக மொட்டு உருட்டினோம். அண்ணி உருட்டிய மொட்டுக்குத்தான் நுனி சரியாக முறுக்கிக்கொண்டு நின்றது.

வரவேற்பு அன்று வெள்ளைக் கேக்கின் மேல் சரம் சரமாகச் சிவப்பு மொட்டு. மாப்பிள்ளை வீட்டு அம்மா ஒருவர், "ஏனுங்க, அரளி மாதிரி இருக்குதுங்க?" என்று பயந்துபோய்க் கேட்டார். "அரளியேதானுங்க, ஆனா சர்க்கரைங்க" என்றேன்.

கேக் வெட்டும்போது அண்ணியைக் காணோம். கடைசித் தூணுக்குப் பின்னால், தலையில் பூ இல்லாமல் நின்றுகொண்டிருந்தார். வரமாட்டேன் என்றவரை சௌமியாவே போய்க் கையைப் பிடித்து மேடைக்கு இழுத்து வந்தாள். ஒரு மொட்டைப் பிய்த்து அவர் வாயருகே நீட்டினாள்.

"வேண்டாம் சாமி. எனக்கு இனிப் பூ ஆகாது."

"தலையில வெக்கக் கூடாதுன்னுதானம்மா சொன்னாங்க. திங்கக் கூடாதுன்னு யாரும் சொல்லலியே."

அண்ணி முதலில் தன் கையைப் பார்த்தார். அரளி பறித்த கையைக் கழுவாமல் எதையும் வாயில் வைக்காத இருபது வருடப் பழக்கம். பிறகு வாயைத் திறந்தார். மென்றுகொண்டே என் பக்கம் திரும்பி, "இனிக்குதுங்க அம்மிணி" என்றார்.

அன்று நீ திரும்பக் கட்டிக்கொண்டு போன கூடையை நான் இப்போது இறக்கி வைத்துக்கொண்டேன் அண்ணா. இனி வெள்ளிக்கிழமைதோறும் என் கடை வாசலில் நம் தோட்டத்து அரளிதான் தொங்கும். அண்ணியோடு நானும் பறிக்க வருவேன். ஒரு நாள் கூட அதை விரிய விடமாட்டேன்.

உன் பூவைக் காலம் தாழ்த்தி வாங்கிக்கொண்ட தங்கை,
அம்மிணி