அவர் அழுத்தாத பொத்தான்

மார்ச் 4
இன்று ஒரே நாளில் டிவி வினாடி வினாவுக்கு நான்கு எபிசோடு எடுத்தார்கள். நான்கிலும் ஜெயித்தது நான்தான். ஒவ்வொரு முறையும் உடை மாற்றிக்கொண்டு வந்து, வேறு ஏதோ ஒரு நாள் போல வணக்கம் சொல்ல வேண்டும். ஸ்டுடியோ ஏசியில் விரல் மரத்துப்போனால் பஸ்ஸர் பிந்திவிடும். இடைவேளையில் டீயைக் குடிக்காமல் கிளாஸைப் பிடித்தபடியே உட்கார்ந்திருந்தேன். ஒப்பனைக்காரப் பெண் பரிதாபப்பட்டு இன்னொரு டீ கொடுத்தாள். அதையும் பிடித்துக்கொண்டேன்.

மார்ச் 6
நான் வேலை பார்க்கும் மருந்துக் கடையில் ஒருவர் சீட்டை நீட்டாமல், "உலகத்திலேயே ஆழமான ஏரி எது, சொல்லுங்க பாப்போம்" என்றார். சொன்னேன். "கரெக்ட்" என்று சொல்லிவிட்டு, மருந்து வாங்காமலே போய்விட்டார்.

மார்ச் 11
எபிசோடு ஒளிபரப்பானது. அம்மாவின் விமர்சனம்: "ஜெயிச்சவ மூஞ்சியா இது? பஸ்ஸ விட்டவ மாதிரி நிக்கற."

மார்ச் 19
இறுதிப் போட்டியில் எதிராளி கடிகாரம். வேதியியல் டியூஷன் வாத்தியார். எந்தச் சேனலில் வினாடி வினா என்றாலும் நாங்கள் இருவரும் எப்படியும் வந்து நின்றுவிடுவோம். முள் நகர்வது போல அவசரப்படாமல், தவறாமல் அழுத்துவார். பெயர் நான் வைத்தது; அவருக்குத் தெரியாது. இத்தனை வருடத்தில் அவரை ஒருமுறைகூட ஜெயித்ததில்லை. பேசியதெல்லாம் "வாழ்த்துகள் சார்", "நன்றி மேடம்".

மார்ச் 26
ஜெயித்துவிட்டேன்.
இதெல்லாம் ஒரு ஜெயிப்பா?
கடைசிக் கேள்வி வரை இருவரும் சமம். "டபிள்யூ எந்த உலோகத்தின் குறியீடு?" காலம் பூராவும் பிள்ளைகளுக்கு அதையே உருப்போட வைக்கிற மனுஷன், கையைப் பொத்தான் மேல் வைத்துக்கொண்டு சும்மா நிற்கிறார். நான் அழுத்தினேன். டங்ஸ்டன் என்றேன். பார்வையாளர்களைக் கைதட்டச் சொல்கிறவர் கையை உயர்த்தினார், கூட்டம் தட்டியது.
பிச்சையா போட்டீங்க? யார் கேட்டா உங்ககிட்ட?

மார்ச் 28
டியூஷன் முடிகிற நேரம் பார்த்து அவர் வகுப்புக்கே போனேன்.
"டங்ஸ்டன் உங்களுக்குத் தெரியாதா சார்?"
"தெரியும்."
"அப்ப எனக்கு விட்டுக்கொடுத்தீங்க."
"இல்லைங்க. கேள்வி காதுலயே விழலை."
"ஏன்?"
கரும்பலகையை அழித்துக்கொண்டே சொன்னார். "உங்களையே பாத்துட்டிருந்தேன்."
அழித்த இடத்தையே மறுபடி அழித்தார். நான் "சரி" என்றேன்.
சரியாம் சரி. இதற்குப் போய் யாராவது சரி என்று சொல்வார்களா?

ஏப்ரல் 17
இந்த வாரம் தினமும் கடைக்கு வந்து தலைவலி மாத்திரை வாங்கினார். "அவ்வளவு தலைவலியா சார்?" என்றேன். "தலைவலியே கிடையாது" என்றார். பிறகு: "புதுசா ஒரு போட்டி வருது. ஜோடியா ஆடணும். வரீங்களா?"
"அது தம்பதிகளுக்கு. கல்யாணம் ஆகியிருக்கணும்."
"தெரியும். அதையும் சேர்த்துத்தான் கேட்டேன்."
பின்னால் வரிசையில் நின்றவர், "சீக்கிரம் சொல்லுங்கம்மா, எனக்கு நிஜமாவே தலை வலிக்குது" என்றார்.
சொன்னேன்.

ஏப்ரல் 18
அம்மா கேட்ட ஒரே கேள்வி: "உன்னைவிட அறிவாளியா?" ஆமாம் என்றேன். "வீடு விளங்கும்" என்றாள். எந்த அர்த்தத்தில் என்று தெரியவில்லை.

மே 22
பதிவு அலுவலகம். சாட்சிகள்: அம்மா, ஸ்டுடியோவில் கைதட்டச் சொல்கிறவர். நாங்கள் கையெழுத்துப் போட்டதும் பழக்கதோஷத்தில் அவர் கையை உயர்த்திவிட்டார். முன்பின் தெரியாதவர்கள் எல்லாம் எழுந்து தட்டினார்கள். அம்மா என் முகத்தை உற்றுப் பார்த்தாள். இந்த முறை பஸ்ஸைப் பற்றிய பேச்சே இல்லை.

ஜூன் 14
தம்பதிப் போட்டி. முதல் சுற்றிலேயே வெளியே. தலைநகரம், தனிமம் எதுவும் கேட்கவில்லை. "உங்கள் கணவர் அறவே தொடாத காய் எது?" முட்டைக்கோஸ் என்றேன். பீட்ரூட்டாம். எனக்கு எதைக் கண்டால் பயம் என்று அவரிடம் கேட்டார்கள். "அவங்களுக்குப் பயமே கிடையாது" என்றார். பல்லி.
அடுத்த ஜோடி ஒரு பேக்கரிக்காரரும் அவர் மனைவியும். நாடு எத்தனை கண்டம் எத்தனை என்று தெரியாது. எல்லாவற்றுக்கும் சரியாகச் சொன்னார்கள்.
திரும்பும் பஸ்ஸில், "பல்லியா?" என்று கேட்டார். "பீட்ரூட்டா?" என்றேன்.

ஜூலை 2
தோற்ற எபிசோடு இன்று ஒளிபரப்பு. அம்மா மட்டும் பார்த்தாள். நாங்கள் மெத்தை வாங்கப் போயிருந்தோம்.
"மெத்துனு வேணுமா, கெட்டியா வேணுமா?" என்றார் கடைக்காரர்.
ஒருவரையொருவர் பார்த்தோம். இருவருக்கும் விடை தெரியவில்லை.
"படுத்துப் பாத்துச் சொல்லுங்க. ஒண்ணும் அவசரமில்லை."
செருப்பைக் கழற்றிவிட்டு, கடைக்கு வந்த அத்தனை பேருக்கும் முன்னால், பக்கத்தில் பக்கத்தில் படுத்துப் பார்த்தோம்.